கிண்ணம் வென்ற அணி மறுவருடம் ஏன் தடுமாறுகிறது?

வன்னியில் பாடசாலை விளையாட்டைத் தொடர்ந்து கவனிப்பவர்களுக்கு ஒரு காட்சி பழகிப்போனது. கோட்டம், வலயம், மாகாணம் என்று படிப்படியாக ஏறி ஒரு வருடம் கிண்ணத்தோடு ஊர் திரும்பும் வலைப்பந்து அணியோ கரப்பந்து அணியோ, மறுவருடம் வலய மட்டத்திலேயே வெளியேறிவிடுகிறது. அல்லது வலுவான எதிரணியை ஒருநாள் வீழ்த்திவிட்டு, அடுத்த நாள் எவரும் பொருட்படுத்தாத அணியிடம் தோற்றுப்போகிறது. காரணம் கேட்டால் மைதான ஓரத்தில் விடைகள் தயாராக இருக்கும். பிள்ளைகளுக்குத் தலைக்கனம் ஏறிவிட்டது என்பார் ஒருவர். பயிற்றுவிப்பாளர் முன்னைப்போலக் கவனிப்பதில்லை என்பார் இன்னொருவர். நாவூறு பட்டுவிட்டது என்று சொல்லும் அம்மம்மாக்களும் உண்டு. முதல் இரண்டும் சில இடங்களில் உண்மையாக இருக்கக்கூடும். ஆயினும் தலைக்கனமே இல்லாத, பயிற்சி சற்றும் குறையாத அணிக்குக்கூடப் பெரும்பாலும் இதே நிலைதான் வரும் என்பதைக் காட்ட, உயர்தர வகுப்பில் கற்பிக்கப்படும் நிகழ்தகவுக் கணிதம் போதுமானது.

நமது பாடசாலை அணிகளின் ஆட்ட விவரங்கள் பெரும்பாலும் எங்கும் முறையாகச் சேமிக்கப்படுவதில்லை. ஆகவே ஒவ்வொரு ஆட்டத்தின் புள்ளியும் பதிவாகியிருக்கும் அமெரிக்கக் கல்லூரிக் கூடைப்பந்தாட்டத்தை எடுத்துக்கொள்வது வசதியானது. அங்கே கனெக்டிகட் பல்கலைக்கழகத்தின் ஆண்கள் அணி 2023, 2024 ஆகிய இரு வருடங்களிலும் தேசிய சம்பியனானது. இரண்டாவது வெற்றிப் பருவத்தில் அவ்வணி 37 ஆட்டங்களில் வென்று மூன்றில் மட்டுமே தோற்றது. அடுத்த பருவத்தில் 24 வெற்றிகளும் 11 தோல்விகளும் கிடைத்தன. 2024 நவம்பரில் ஹவாயின் மௌயி தீவில் நடந்த சுற்றுப்போட்டியில் மூன்று நாட்களில் மெம்பிஸ், கொலராடோ, டேட்டன் ஆகிய மூன்று அணிகளிடமும் அது தோற்றது. இனி இந்த அணி அவ்வளவுதான் என்று பலர் முடிவுகட்டிய வேளையில், டிசம்பரின் முதல் இரு வாரங்களுக்குள் பெய்லர், டெக்சஸ், கொன்சாகா ஆகிய பெயர்பெற்ற அணிகளை வரிசையாக வென்றது. 2025 பெப்ரவரியில் தனது பிரிவின் அடிமட்டத்தில் கிடந்த சீட்டன் ஹோல் அணியிடம் மேலதிக நேரத்தில் ஒரு புள்ளியால் வீழ்ந்தது. மார்ச்சில் தேசியச் சுற்றின் இரண்டாம் கட்டத்தில் புளோரிடாவிடம் 77–75 என்று தோற்று வெளியேறியது. அந்தப் புளோரிடாதான் அவ்வருடச் சம்பியன்.

ஒரே அணி, ஒரே பயிற்றுவிப்பாளர். இந்த ஏற்ற இறக்கத்தை விளங்கிக்கொள்ள, முதலில் சம்பியன் பட்டம் எப்படிக் கிடைக்கிறது என்பதைப் பார்க்க வேண்டும்.

அமெரிக்கத் தேசியச் சுற்றில் 68 அணிகள் பங்குபற்றுகின்றன. ஒருமுறை தோற்றால் வெளியேற வேண்டியதுதான். பெரும்பாலான அணிகள் கிண்ணத்தைத் தொட ஆறு ஆட்டங்களைத் தொடர்ந்து வெல்ல வேண்டும். ஒவ்வொரு ஆட்டத்திலும் நூற்றுக்கு எண்பது வீதம் வெல்லும் வாய்ப்புள்ள மிக வலுவான அணி ஒன்றை எண்ணிப் பாருங்கள். ஆறையும் தொடர்ந்து வெல்லும் நிகழ்தகவைப் பெற 0.8 என்ற எண்ணை ஆறு தடவை பெருக்க வேண்டும். விடை ஏறத்தாழ 0.26. அதாவது, எதிரில் வரும் எல்லோரையும்விடத் தெளிவாக உயர்ந்து நிற்கும் அணியும் நான்கில் மூன்று தடவை கிண்ணமில்லாமல்தான் வீடு திரும்பும். எழுபது வீத அணிக்கு இது எட்டில் ஒன்றுக்கும் குறைவு.

எனவே கிண்ணத்தைத் தூக்கி நிற்கும் அணியை நாம் பார்க்கும்போது, திறமையும் அந்த வருடத்து வாய்ப்பும் சேர்ந்து கைகொடுத்த அணியைத்தான் பார்க்கிறோம். முக்கிய வீரருக்குக் காயம் வராத வருடம், கடைசி விநாடி எறிகைகள் கூடைக்குள் விழுந்த வருடம், கடினமான எதிரணியை வேறு யாரோ முன்கூட்டியே வெளியேற்றிவிட்ட வருடம் என்று அது அமைந்திருக்கும். திறமையில் பெரும்பகுதி மறுவருடத்துக்கும் வரும். வாய்ப்பு அப்படி வராது. அது ஒவ்வொரு வருடமும் புதிதாகக் குலுக்கப்படுகிறது. உச்சத்தில் நின்றது எதுவானாலும் அடுத்த அளவீட்டில் சராசரிக்குச் சற்று நெருங்கியே காணப்படும். பிரான்சிஸ் கோல்டன் என்ற ஆங்கில அறிஞர் 1886இல் 205 பெற்றோர் சோடிகளின் உயரத்தையும் அவர்களுடைய வளர்ந்த பிள்ளைகள் 928 பேரின் உயரத்தையும் ஒப்பிட்டு இதைக் கண்டார். மிக உயரமான பெற்றோரின் பிள்ளைகள் உயரமாகவே இருந்தார்கள். ஆனால் பெற்றோர் சராசரியிலிருந்து விலகியிருந்த அளவில் மூன்றில் இரண்டு பங்கே பிள்ளைகள் விலகியிருந்தார்கள். மிகக் குள்ளமான பெற்றோரின் பிள்ளைகளும் அவ்வாறே சராசரியை நோக்கி நகர்ந்திருந்தார்கள்.

வன்னி விவசாயிக்கு இது புதிய செய்தியாக இராது. இரணைமடுக் குளம் வான்பாய்ந்து பெரும்போகம் அள்ளிக் கொடுத்த வருடத்துக்கு அடுத்த மாரியும் அதே அளவு பொழியும் என்று எவரும் கணக்குப் போடுவதில்லை. அடுத்த மாரி குறைந்தால் வானத்துக்குத் தலைக்கனம் என்று சொல்வதுமில்லை. விளையாட்டில் மட்டும் அந்த நிதானம் நமக்கு வாய்ப்பதில்லை.

இனி ஒரு தனி ஆட்டத்துக்குள் வாய்ப்பு எவ்வளவு நுழைகிறது என்று பார்க்கலாம். கூடைப்பந்தாட்டத்தில் தூரக் கோட்டுக்கு வெளியிலிருந்து எறிந்து போட்டால் மூன்று புள்ளிகள். அமெரிக்கக் கல்லூரி ஆட்டங்களில் இவ்விதி 1986–87 பருவத்தில் எங்கும் நடைமுறைக்கு வந்தது. நூற்றுக்கு 35 வீதம் குறி தப்பாத அணியொன்று ஓர் ஆட்டத்தில் 20 தடவை தூரத்திலிருந்து எறிகிறது என்று கொள்வோம். சராசரியாக ஏழு எறிகைகள் உள்ளே விழும். ஆனால் முடிவுகள் சராசரியிலிருந்து வழமையாக எவ்வளவு விலகும் என்பதைக் காட்டும் நியம விலகலைக் கணித்தால் இரண்டுக்குச் சற்று அதிகமாக வருகிறது. ஐந்து விழுவதும் ஒன்பது விழுவதும் முற்றிலும் சாதாரணமான நாட்களே. ஐந்துக்கும் ஒன்பதுக்கும் இடையில் 12 புள்ளிகள் இருக்கின்றன. பயிற்சியோ மனநிலையோ உடல்நிலையோ எள்ளளவும் மாறாத நிலையில், எறிகை விழுவதும் வெளியே தெறிப்பதும் மட்டுமே ஒரே அணியை ஒருநாள் வீரர்களாகவும் மறுநாள் சோம்பேறிகளாகவும் காட்டிவிடும்.

இந்த இடத்தில் ஆட்டத்துக்கு ஆட்டம் வேறுபாடு உண்டு. ஓரிரு கோல்களால் முடிவாகும் உதைபந்தாட்டத்தில் வாய்ப்பின் பங்கு பெரிது. 25 புள்ளிகள் கொண்ட பல சுற்றுகளாக ஆடப்படும் கரப்பந்தாட்டத்தில் வலுவான அணி பெரும்பாலும் தன் வலுவைக் காட்டிவிடும். கூடைப்பந்தாட்டத்திலும் ஓர் அணிக்கு ஒரு கல்லூரி ஆட்டத்தில் ஏறத்தாழ 70 தடவை பந்து கைக்கு வருவதால் திறமைக்கு இடம் அதிகம். ஆனாலும் இரு அணிகளும் நெருங்கியிருக்கும்போது கடைசி ஒரு நிமிடம் நாணயத்தைச் சுண்டிவிடுவதற்கு அருகில்தான் வந்து நிற்கிறது. கனெக்டிகட் அணியின் அந்த 11 தோல்விகளில் மெம்பிஸ், கொலராடோ, சீட்டன் ஹோல், புளோரிடா ஆகிய நான்கும் ஒரு புள்ளி அல்லது இரண்டு புள்ளி வித்தியாசத்தில் வந்தவை. அவற்றுள் இரண்டு மேலதிக நேரம் வரை சென்றவை.

தொடர்தோல்விகளைப் பற்றியும் சொல்ல வேண்டும், ஏனெனில் பதற்றம் அங்கேதான் தொடங்குகிறது. ஒவ்வொரு ஆட்டத்தையும் எழுபது வீத வாய்ப்போடு ஆடும் அணி 30 ஆட்டங்களில் சராசரியாக 21இல் வெல்லும். ஆனால் 16 வெற்றிகளும் 26 வெற்றிகளும்கூட அதே வலுவோடு எதிர்பார்க்கத்தக்க எல்லைக்குள்ளேயே அடங்குகின்றன. அந்த 30 ஆட்டங்களுக்குள் எங்காவது ஓரிடத்தில் மூன்று ஆட்டங்களில் தொடர்ந்து தோற்பதற்கான நிகழ்தகவைக் கணித்தால் நூற்றுக்கு 44 வருகிறது. நல்ல அணி ஒன்றுக்கு மூன்று தொடர்தோல்விகள் வருவதும் வராமல் தப்புவதும் ஏறத்தாழச் சமம் என்பது முதன்முறை கணக்குப் போடுபவருக்கு நம்பக் கடினமாக இருக்கும். தொடராக வருவதை எல்லாம் காரணத்தோடு வருவதாகவே மனித மனம் பார்க்கிறது.

ஆனால் எல்லாவற்றையும் வாய்ப்பின் தலையில் கட்டிவிடுவதும் சரியாகாது. கனெக்டிகட் தன் இரு கிண்ணங்களுக்காக வென்ற 12 தேசியச் சுற்று ஆட்டங்களில் ஒவ்வொன்றையும் 13 புள்ளிகள் அல்லது அதற்கு மேற்பட்ட வித்தியாசத்தில் வென்றது. சுண்டிவிட்ட நாணயம் அப்படி விழுவதில்லை. அந்த அணி உண்மையிலேயே வலுவானது. 2024இல் கிண்ணம் வென்ற சில வாரங்களில் ஸ்டெபன் காசில், டொனொவன் கிளிங்கன் உட்பட அதன் நான்கு வீரர்களைத் தொழில்முறைக் கழகங்கள் தெரிவுசெய்து எடுத்துக்கொண்டன. கல்லூரி அணி என்பது ஆட்கள் கடந்துபோகும் வழி. வெற்றி அந்தப் போக்கை இன்னும் விரைவுபடுத்துகிறது, ஏனெனில் கிண்ணம் வென்றவர்களைத்தான் எல்லோரும் தேடி வருவார்கள். கென்டக்கி பல்கலைக்கழகம் 2012இல் 38 வெற்றி, இரண்டு தோல்வி என்ற கணக்கோடு சம்பியனானது. அவ்வருடத் தெரிவில் முதலிடம் பெற்ற அன்ரனி டேவிஸ் உட்பட ஆறு பேர் ஒரேயடியாகப் போய்விட்டார்கள். மறுபருவம் புதியவர்களை வைத்துத் தட்டுத்தடுமாறிக்கொண்டிருந்த அணி, 2013 பெப்ரவரியில் நேர்லன்ஸ் நோயலின் முழங்கால் தசைநார் கிழிந்ததும் அடுத்த ஆட்டத்திலேயே டென்னசியிடம் 30 புள்ளிகளால் தோற்றது. தேசியச் சுற்றில் இடம் கிடைக்கவில்லை. இரண்டாம்தரச் சுற்றின் முதல் ஆட்டத்தில் ரொபர்ட் மொரிஸ் என்ற சிறிய பல்கலைக்கழகத்திடம் 59–57 என்று வீழ்ந்தது.

வன்னிப் பாடசாலைகளில் தொழில்முறைக் கழகங்கள் வந்து எவரையும் அள்ளிச் செல்வதில்லை. வயதெல்லை அந்த வேலையைச் செய்கிறது. 16, 18, 20 வயதுக்குட்பட்டோர் என்று பிரிவுகள் வகுக்கப்பட்டிருப்பதால், ஒரு பிரிவில் கிண்ணம் வென்ற அணி பெரும்பாலும் அந்தப் பிரிவின் மூத்த பிள்ளைகளால் ஆனதாகவே இருக்கும். வென்ற அந்தப் பிள்ளைகள் மறுவருடம் மேற்பிரிவில் இளையவர்கள். உயர்தரப் பரீட்சை நெருங்கினால் பயிற்சிக்கு வருவதும் குறையும். வெற்றி பெற்ற பெயர் பாடசாலையோடு நிற்கிறது. வென்ற கால்களும் கைகளும் வேறெங்கோ போய்விடுகின்றன.

வலு சற்றுக் குறைந்தாலே முடிவுகள் பெரிதாக மாறுவதற்கும் காரணம் உண்டு. கல்லூரிக் கூடைப்பந்தாட்டத்தில் ஓர் ஆட்டத்தின் இறுதி வித்தியாசம், எதிர்பார்த்த வித்தியாசத்திலிருந்து ஏறத்தாழ 11 புள்ளிகள் நியம விலகலோடு அங்குமிங்கும் சிதறுகிறது. எதிரணிகளைவிடச் சராசரியாக 10 புள்ளிகள் மேலான அணி இந்தக் கணக்குப்படி நூற்றுக்கு 82 ஆட்டங்களில் வெல்லும். அந்த மேன்மை ஐந்து புள்ளிகளாகக் குறைந்தால் 67 அல்லது 68 ஆட்டங்களிலேயே வெல்லும். ஐந்து புள்ளி என்பது இரண்டே இரண்டு கூடைகள். ஒரு நல்ல காவல் வீரர் போனதே அதற்குப் போதும். 30 ஆட்டப் பருவத்தில் அது ஏறத்தாழ நான்கு தோல்விகளைக் கூட்டிவிடுகிறது. கவனிக்க வேண்டியது, இந்த அணி இன்னும் நல்ல அணிதான். மூன்றில் இரண்டு ஆட்டங்களை வெல்கிறது. வலியவர்களையும் அவ்வப்போது சாய்க்கிறது. பருவம் முழுவதும் ஒரே சரிவாக இல்லாமல் மேடும் பள்ளமுமாக இருப்பது இதனால்தான்.

இந்தக் கணக்கை அறியாமல் இருப்பதால் வரும் விளைவு ஒன்றை உளவியலாளர் தானியேல் கானமன் பதிவுசெய்திருக்கிறார். இஸ்ரேலிய விமானப்படையின் பயிற்றுநர்களுக்கு அவர் பாடம் நடத்தியபோது, பாராட்டுவதால் பயனில்லை, ஏசுவதே பலன் தரும் என்று அனுபவமிக்க ஒருவர் வாதிட்டார். அழகாகப் பறந்த மாணவரைப் பாராட்டினால் அடுத்த தடவை மோசமாகப் பறக்கிறார். மோசமாகப் பறந்தவரை ஏசினால் அடுத்த தடவை திருந்துகிறார் என்பது அவருடைய கண்கண்ட சான்று. மிக நன்றாகப் பறந்த பின்பும் மிக மோசமாகப் பறந்த பின்பும் அடுத்தது சராசரியை நோக்கி வருவது இயல்பு என்பதும், பாராட்டோ ஏச்சோ இல்லாமலும் அதுவே நிகழ்ந்திருக்கும் என்பதும் கானமனுக்கு அப்போது புலப்பட்டது. மோசமான தோல்விக்குப் பிறகு வெயிலில் மைதானத்தைச் சுற்றி ஓடவிடும் வழக்கம் நம் பாடசாலைகளில் இன்னும் சில இடங்களில் நிலைத்திருப்பதற்கும் இதே மயக்கம் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். அடுத்த ஆட்டத்தில் அணி சற்று முன்னேறும்; தண்டனைக்கு நற்பெயர் கிடைக்கும்.

அப்படியானால் வாய்ப்பினால் வந்த தடுமாற்றத்தையும் வலு உண்மையில் குறைந்ததையும் எப்படிப் பிரித்தறிவது? வெற்றி தோல்விப் பட்டியல் அதற்கு மிக மந்தமான கருவி. முன்னே சொன்ன 10 புள்ளி அணி ஐந்து புள்ளி அணியாக மாறிவிட்டதை வெற்றி வீதத்தை மட்டும் வைத்து ஓரளவு உறுதியாகச் சொல்ல வேண்டுமானால், இரு பருவங்களிலும் ஏறத்தாழ 70 ஆட்டங்கள் வீதம் தேவைப்படும். ஒவ்வொரு ஆட்டத்தின் புள்ளி வித்தியாசத்தையும் குறித்துவைத்தால் அந்த எண்ணிக்கை 40 அளவுக்கு இறங்குகிறது, ஏனெனில் ஒரு புள்ளித் தோல்விக்கும் 20 புள்ளித் தோல்விக்கும் உள்ள தூரத்தை வெற்றிப் பட்டியல் மறைத்துவிடுகிறது. புள்ளி வித்தியாசம் மறைப்பதில்லை. தூர எறிகைகளைத் தனியாகவும், பந்தைப் பறிகொடுத்த தடவைகளைத் தனியாகவும் எழுதிவைத்தால் இன்னும் தெளிவு கிடைக்கும்: முதலாவது நாளுக்கு நாள் அதிகம் ஆடும், இரண்டாவது அவ்வளவு ஆடுவதில்லை என்பதால், அது மாறினால் அணியில் ஏதோ மாறியிருக்கிறது என்று பெரும்பாலும் கொள்ளலாம். ஒரு வருடத்தில் பத்து ஆட்டங்கள்கூட ஆடக் கிடைக்காத வன்னிப் பாடசாலை அணி ஒன்றுக்கு, இந்த இரு நிரல்களும் கொண்ட ஒரு கொப்பிதான் கையிலிருக்கும் ஒரே அளவுகோல்.