காப்புக்காட்டை ஒட்டி நிலம் வாங்கும் முன்

“பட்டா இருக்கு, பத்திரம் இருக்கு, வில்லங்கமும் இல்லை. அப்புறம் எப்படி சார் இது காடுன்னு சொல்றாங்க?” மலையடிவார நிலத் தகராறோடு வருகிறவர்கள் பெரும்பாலும் இந்தக் கேள்வியோடுதான் என்னிடம் வருகிறார்கள். வாழ்நாள் சேமிப்பைப் போட்டு வாங்கியவர்களின் கோபம் எனக்குப் புரிகிறது. ஆனால் அந்த மூன்று காகிதமும் சேர்ந்தாலும் காப்புக்காட்டு நிலம், அதாவது அரசு சட்டப்படி அறிவித்து ஒதுக்கிவைத்த காட்டு நிலம், ஒருவருக்குச் சொந்தமாகிவிடாது.

சார்பதிவாளர் பத்திரத்தைப் பதிவு செய்கிறார். விற்றவருக்கு உரிமை இருந்ததா என்று தீர்ப்புச் சொல்வது அவர் வேலை இல்லை. வில்லங்கச் சான்றில் பதிவான பத்திரங்கள்தான் வரும். நூறு வருஷத்துக்கு முன் அரசிதழில் வந்த வன அறிவிக்கை அதில் வராது. பட்டாவும் வருவாய்த்துறைப் பதிவுதான், அதுவே உரிமை மூலம் ஆகாது என்று நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லிவிட்டன.

உண்மையில் பார்க்கவேண்டியது 1882-ஆம் ஆண்டு வனச் சட்டத்தின் கீழ் வந்த அறிவிக்கைகளை. 4-ஆவது பிரிவில், இன்ன நிலத்தைக் காப்புக்காடாக்கப் போகிறோம் என்று அரசு அறிவிக்கும். வன செட்டில்மென்ட் அதிகாரி சுற்றுவட்டார ஊர்களில் பிரகடனம் செய்து, உரிமை கோருபவர்களை விசாரிப்பார். அது முடிந்து 16-ஆவது பிரிவில் அறிவிக்கை வந்துவிட்டால், கோராமல் விட்ட உரிமைகள் அதோடு போய்விடும். தகராறு வரும்போது நான் கேட்கும் முதல் கேள்வி இதனால்தான்: அன்றைக்கு இந்த நிலத்துக்கு யாராவது மனுக் கொடுத்தார்களா, என்ன உத்தரவு வந்தது?

பல இடங்களில் 4-ஆவது பிரிவோடு விஷயம் பல வருஷம் நின்றுபோயிருக்கிறது. “இன்னும் ஃபைனல் ஆகலை, தைரியமா வாங்குங்க” என்று தரகர் சொல்வது இந்த நிலத்தைத்தான். அந்த அறிவிக்கைக்குப் பிறகு புதிதாக உரிமை முளைக்காது. ஏற்கெனவே உரிமை உள்ளவரிடமிருந்தோ, வாரிசாகவோ, அரசிடமிருந்தோதான் வரமுடியும். அதற்குப் பின் காட்டைத் திருத்தி முப்பது வருஷம் பயிர் வைத்தாலும் அனுபவ பாத்தியம் என்று வாதாடுவது மிகக் கடினம்.

தாய்ப்பத்திரத்தை மட்டுமல்ல, நடுவில் உள்ள ஒவ்வொரு பத்திரத்தின் நான்கெல்லையையும் வரிசையாக வைத்துப் படியுங்கள். நான் பார்க்கும் பத்திரக் கட்டுகளில் அடிக்கடி வருவது இது. பழைய பத்திரத்தில் ‘மேற்கே சர்க்கார் காடு’ என்று தெளிவாக இருக்கும். அடுத்ததில் அது ‘மலை’ ஆகும், அதற்கடுத்ததில் ‘தரிசு’. சர்வே எண் மாறாது, ஆனால் மூன்று ஏக்கர் ஐந்தாகியிருக்கும். அந்த இரண்டு ஏக்கர் எங்கிருந்து வந்தது என்பதற்குப் பத்திரத்தில் ஒரு வரிகூட இருக்காது. வழக்கு தோற்பது பெரும்பாலும் அந்த இரண்டு ஏக்கரில்தான்.

பழைய ஜமீன், ஜன்ம நிலங்களின் சிக்கல் இன்னும் ஆழமானது. நீலகிரி மாவட்டக் கூடலூரில், மலபார் அரச குடும்பமான நிலம்பூர் கோவிலகத்தின் ஜன்ம உரிமையை, அதாவது பரம்பரை நில உடைமையை ஒழிக்க 1969-இல் தமிழ்நாடு சட்டம் கொண்டுவந்தது. காடுகளை அரசு எடுத்துக்கொள்வது நிலச் சீர்திருத்தம் ஆகாது என்று உச்ச நீதிமன்றம் 1972-இல் சட்டத்தின் அந்தப் பகுதியை மட்டும் செல்லாததாக்கியது. நீதிமன்றத்தில் எதிர்க்கமுடியாதபடி சட்டங்களுக்குப் பாதுகாப்புத் தரும் அரசியல் சாசனத்தின் ஒன்பதாம் அட்டவணையில் நாடாளுமன்றம் அச்சட்டத்தைச் சேர்த்தது. அந்தப் பிணக்கு வளர்ந்துதான் 2007-இல் அந்த அட்டவணைச் சட்டங்களையும் நீதிமன்றம் பரிசீலிக்கலாமா என்பது பற்றிய ஒன்பது நீதிபதிகள் அமர்வின் புகழ்பெற்ற தீர்ப்பில் வந்து நின்றது. ஒரு தாலுகாவின் காடு யாருடையது என்ற கேள்விக்கு இத்தனை கனம்! கூடலூர் நிலம் என்றால், அந்த 1969 சட்டத்தின் 17-ஆவது பிரிவில் வரும், குத்தகைத் தகராறில் சிக்கிய ‘பிரிவு 17’ நிலமா என்று கேட்காமல் முன்பணம் கொடுக்காதீர்கள்.

சரி, பட்டா அசல், உரிமையும் உண்மை என்றே வைத்துக்கொள்வோம். அப்போதும் நினைத்ததைக் கட்டமுடியாது. காடு யாருக்குச் சொந்தமானாலும் காடுதான் என்று 12.12.1996-இல் கோதவர்மன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. நீலகிரியின் சீகூர் யானை வழித்தட அறிவிக்கையை 2020 அக்டோபரில் அதே நீதிமன்றம் உறுதிசெய்தபோது, பட்டா வைத்திருந்த விடுதிக்காரர்களும் சிக்கினார்கள். யானையின் வழியை அடைத்துவிட்டு என் நிலம் என்று சொல்வதை என்னால் ஏற்கமுடியவில்லை.

இன்னொரு தரப்பு எப்போதும் மனதை அறுக்கும். தலைமுறை தலைமுறையாகக் காட்டில் வாழ்ந்தும் ஒரு துண்டுக் காகிதம் இல்லாத பழங்குடிகள். அவர்களுக்காகத்தான் 2006-ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம். 13.12.2005-க்கு முன்பிருந்து அனுபவித்துவரும் நிலத்துக்கு, நான்கு ஹெக்டேர் வரை, கிராம சபை வழியாக உரிமை கோரலாம். பரிசீலனை முடியும்வரை அவர்களை வெளியேற்றக்கூடாது. அந்த உரிமை வாரிசுக்குப் போகும், ஆனால் விற்கமுடியாது. அதை ‘வாங்கித் தருகிறேன்’ என்று யாராவது சொன்னால் அங்கேயே எழுந்து வந்துவிடுங்கள்.

வனத்துறை நோட்டீஸ் வந்துவிட்டதா? எரிச்சலில் கிழித்துப் போடாமல், கெடுவுக்குள் எழுத்தில் பதில் கொடுங்கள். அரசிதழ் அறிவிக்கையின் நகலையும் அதிலுள்ள எல்லை விவரத்தையும் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். வருவாய்த்துறையும் வனத்துறையும் சேர்ந்து கூட்டு அளவை செய்யவேண்டும் என்று கலெக்டருக்கு மனுக் கொடுங்கள். அளக்கும் நாளில் புல வரைபடத்தோடு நீங்களும் கூடவே நடங்கள். அளந்து முடித்ததும் எல்லோர் கையெழுத்தும் உள்ள வரைபடத்தின் நகலுக்கு அன்றே எழுதிக் கொடுத்துவிடுங்கள்.