இணையத்தில் தொல்லை: யாரிடம், எப்படிப் புகார் கொடுப்பது?

நம் சட்டப் புத்தகத்தில் 'சைபர் புல்லியிங்' என்ற பெயரில் தனிக் குற்றம் எதுவும் இல்லை. காவல் நிலையத்துக்குப் போய் "சார், இன்ஸ்டாவில் என்னைத் தொல்லை பண்ணுகிறார்கள்" என்று மட்டும் சொல்பவர், "பிளாக் பண்ணிட்டுப் போம்மா" என்ற பதிலோடு திரும்பி வருவதற்குப் பாதிக் காரணம் இதுதான். மீதிப் பாதி எல்லோருக்கும் தெரிந்ததே.

சட்டம் பார்ப்பது செயலைத்தான். யாரோ உங்கள் பெயரில் ஃபேக் ஐடி தொடங்கினார்களா, படத்தை மார்ஃபிங் செய்தார்களா, வேண்டாம் என்று சொன்ன பிறகும் மெசேஜ் அனுப்புகிறார்களா, கொன்றுவிடுவேன் என்றார்களா, சாதிப் பெயர் சொல்லித் திட்டினார்களா? ஒவ்வொன்றுக்கும் தனிப் பிரிவு உண்டு. நடந்ததை இப்படிப் பிரித்து எழுதிக்கொண்டு போனால் பேச்சு வேறு மாதிரி தொடங்கும்.

ஒரு காலத்தில் எல்லாவற்றையும் ஒரே வாளியில் போடுகிற பிரிவு ஒன்று இருந்தது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66ஏ. எரிச்சல் உண்டாக்கும் பதிவுக்குக்கூட மூன்றாண்டு சிறை என்றது அது. 2012-ல் மகாராஷ்டிரத்தின் பால்கரில் ஃபேஸ்புக் பதிவுக்காக இரண்டு இளம்பெண்களைக் கைது செய்தது நினைவிருக்கலாம். அந்தப் பிரிவை உச்ச நீதிமன்றம் 2015 மார்ச் 24 அன்று செல்லாது என்று ரத்து செய்துவிட்டது. அதற்குப் பிறகும் சில மாநிலங்களில் அதன்கீழ் வழக்குப் போட்டுக்கொண்டே இருந்ததால், யார் மீதும் அதில் வழக்கு நடத்தக் கூடாது என்று 2022-ல் மறுபடியும் சொல்ல வேண்டி வந்தது. ஆகவே யாராவது "66ஏ-யில் புகார் கொடு" என்று யோசனை சொன்னால் கேட்டுக்கொள்ள வேண்டாம்.

எவ்வளவு பரவலாக நடக்கிறது? உலக சுகாதார நிறுவனத்தின் ஐரோப்பியப் பிரிவு 44 நாடுகளில் பள்ளி வயதுப் பிள்ளைகளிடம் நடத்திய ஆய்வு 2024-ல் வெளிவந்தது. ஏறக்குறைய ஆறில் ஒருவர் இணையத் துன்புறுத்தலுக்கு ஆளானதாகச் சொன்னார்கள். ஆண் பிள்ளைகளுக்கும் பெண் பிள்ளைகளுக்கும் அதில் பெரிய வித்தியாசமில்லை. இந்தியாவில் தேசிய குற்ற ஆவணக் காப்பகக் கணக்குப்படி 2023-ல் பதிவான சைபர் குற்றங்கள் 86,420. அவற்றில் 68.9 விழுக்காடு பண மோசடி. பாலியல் சுரண்டல் நோக்கம் கொண்டவை 5 விழுக்காட்டுக்கும் கீழே. இதை வைத்து இங்கே தொல்லை குறைவு என்று முடிவு கட்டினால் தப்பு. பணம் போனவர் புகார் கொடுக்க வெட்கப்படுவதில்லை, படம் போனவர் வெட்கப்படுகிறார். அவ்வளவுதான்.

பள்ளியில் நடக்கும் கேலி நாலு மணிக்கு மணி அடித்ததும் நிற்கும். போனில் வருவது படுக்கை வரை வரும். தூக்கம் கெடும், வகுப்புக்குப் போகப் பிடிக்காது, சாப்பாடு இறங்காது, வீட்டில் யாரிடமும் முகம் கொடுத்துப் பேசத் தோன்றாது. தற்கொலை எண்ணம் வரை போவதும் உண்டு. அப்படி இருந்தால் புகாரெல்லாம் பிறகு. முதலில் 14416 என்ற டெலி மானஸ் மனநல உதவி எண்ணுக்குக் கூப்பிடுங்கள். தமிழிலேயே பேசலாம், கட்டணம் கிடையாது. இந்த மன நெருக்கடிக்கு இன்னொரு விளைவும் உண்டு. பதற்றத்தில் பலரும் முதல் காரியமாகக் கணக்கையே அழித்துவிடுகிறார்கள். கணக்கோடு சாட்சியமும் போய்விடும்.

எந்தச் செயலுக்கு எந்தப் பிரிவு

2024 ஜூலை 1 முதல் இந்திய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நியாய சன்ஹிதா, சுருக்கமாக பிஎன்எஸ், இருக்கிறது. தகவல் தொழில்நுட்பச் சட்டம் பழையபடியே தொடர்கிறது. பெரும்பாலான புகார்களில் இரண்டும் சேர்ந்தே வரும்.

உங்கள் பெயரையும் படத்தையும் வைத்து ஃபேக் ஐடி நடத்தினால் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66சி, 66டி. இரண்டுக்கும் மூன்றாண்டு வரை சிறை. அந்தரங்கப் படத்தைச் சம்மதமில்லாமல் எடுத்தாலோ பரப்பினாலோ 66ஈ. ஆபாசமானவற்றைப் போட்டால் 67, வெளிப்படையான பாலியல் காட்சி என்றால் 67ஏ. கடைசியாகச் சொன்னதற்கு முதல் தடவையே ஐந்தாண்டு வரை சிறையும் 10 லட்சம் ரூபாய் வரை அபராதமும் உண்டு. மிரட்டலுக்கு பிஎன்எஸ் 351. முகம் காட்டாமல், பெயர் மறைத்து மிரட்டினால் அதே பிரிவில் தண்டனை கூடும், குறையாது. "ஃபேக் ஐடிதானே, என்ன செய்துவிடுவார்கள்" என்று நினைப்பவர்களுக்கு இது தெரிந்திருந்தால் நல்லது. படத்தைக் காட்டிப் பணம் கேட்டால் அது 308, பணப்பறிப்பு.

ஒரு பெண்ணை விடாமல் பின்தொடர்வது பிஎன்எஸ் 78. அவர் விருப்பமில்லை என்று தெளிவாகக் காட்டிய பிறகும் தொடர்புகொள்ள முயல்வதும், அவருடைய இணையப் பயன்பாட்டைக் கண்காணிப்பதும் இதில் அடங்கும். 'தெளிவாகக் காட்டிய பிறகும்' என்பதுதான் இங்கே முக்கியம். பதிலே சொல்லாமல் பொறுத்துக்கொண்டிருந்ததை எதிர்த்தரப்பு வக்கீல் தமக்குச் சாதகமாகத் திருப்புவார். அதனால் "எனக்கு இனி மெசேஜ் அனுப்ப வேண்டாம்" என்று ஒரே ஒரு வரி அனுப்பி, அதை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். அதற்கு மேல் வாக்குவாதம் வேண்டாம். பெண்ணின் கண்ணியத்தைக் கெடுக்கும் சொல்லுக்கும் சைகைக்கும் 79. இந்த 78, 79 இரண்டும் பெண்களுக்கு மட்டும். பாதிக்கப்பட்டவர் ஆண் என்றால் இவை உதவாது. மேலே சொன்ன தகவல் தொழில்நுட்பச் சட்டப் பிரிவுகளும் 351-ம் எல்லோருக்கும் பொது.

சாதிப் பெயர் சொல்லி இழிவுபடுத்தினால், பாதிக்கப்பட்டவர் பட்டியல் சாதியினர் அல்லது பழங்குடியினராகவும் செய்தவர் அப்படி அல்லாதவராகவும் இருந்தால், 1989-ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் வரும். 'பொதுமக்கள் பார்வையில் படும் இடம்' என்பதில் இணையமும் அடங்கும் என்று கேரள உயர் நீதிமன்றம் 2022-ல் சொல்லியிருக்கிறது. யூடியூப் கமென்ட் பகுதியைத் திறந்து பார்க்கிற எவருக்கும் இது ஏன் முக்கியம் என்று விளக்கத் தேவையில்லை.

வெறும் அவதூறு மட்டும்தான் என்றால் நிலைமை வேறு. பிஎன்எஸ் 356-ன் கீழ் போலீஸ் நேரடியாக எஃப்ஐஆர் போட முடியாது. மாஜிஸ்திரேட்டிடம் தனிப் புகார் கொடுக்க வேண்டும். ஆக, "இதில் எஃப்ஐஆர் வராதுங்க" என்று காவல் நிலைய எழுத்தர் சொல்வது எப்போதும் தட்டிக்கழிப்பு அல்ல.

முதல் வேலை: சாட்சியம்

வழக்கு தோற்பது பெரும்பாலும் இங்கேதான். ஒருவர் கொண்டுவரும் ஸ்கிரீன்ஷாட்டைப் பார்த்தால், மெசேஜ் மட்டும் அழகாக வெட்டி எடுத்திருப்பார். அனுப்பியவர் பெயர் இல்லை, தேதி இல்லை, மேலே இருக்கும் ஐடி இல்லை. அதை வைத்து எந்த அதிகாரியும் நிறுவனத்திடம் விவரம் கேட்க முடியாது.

வெட்டாத முழுத் திரையும் வேண்டும். அதோடு லிங்க். பதிவின் லிங்க் தனி, அதைப் போட்டவரின் புரொஃபைல் லிங்க் தனி. இரண்டையும் காப்பி செய்து ஓரிடத்தில் ஒட்டி, பக்கத்தில் தேதியும் நேரமும் குறித்துக்கொள்ளுங்கள். இன்ஸ்டா ஸ்டோரி 24 மணி நேரத்தில் மறைந்துவிடும் என்பதால் ஸ்கிரீன் ரெக்கார்டிங் நல்லது: புரொஃபைலைத் திறப்பதிலிருந்து தொடங்கி ஸ்டோரி வரை ஒரே ஓட்டமாக எடுங்கள். வாட்ஸப் என்றால் எண்ணை 'அம்மு', 'டேய்' என்று சேமித்து வைத்திருந்தால் திரையில் எண் தெரியாது. காண்டாக்ட் பக்கத்தையும் சேர்த்து எடுக்க வேண்டும். பிளாக் செய்வது, ரிப்போர்ட் அடிப்பது எல்லாம் இதற்குப் பிறகுதான். வழக்கு முடியும்வரை அந்த போனை மாற்றவோ ஃபார்மட் செய்யவோ வேண்டாம். மின்னணு ஆவணம் நீதிமன்றத்தில் ஏற்கப்பட சான்றிதழ் தேவை, அதற்குக் கருவி கையில் இருக்க வேண்டும்.

ஒரே ஒரு விதிவிலக்கு. படத்தில் இருப்பது 18 வயதுக்கு உட்பட்டவர் என்றால், 'சாட்சிக்காக' அதை மாமாவுக்கும் டீச்சருக்கும் ஃபார்வர்டு செய்யாதீர்கள். அனுப்புவதே தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67பி-யிலும், குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்ஸோ சட்டத்திலும் குற்றம். லிங்க்கைக் குறித்துக்கொண்டு நேராக போலீசுக்குப் போங்கள். பார்த்ததும் வைத்திருந்ததும் மட்டும் குற்றமாகாது என்று சென்னை உயர் நீதிமன்றம் ஒரு வழக்கில் சொன்னதை உச்ச நீதிமன்றம் 2024 செப்டம்பரில் தள்ளிவிட்டது.

நிறுவனத்துக்கு ஒரு புகார், போலீசுக்கு ஒரு புகார்

இரண்டும் வேறு வேறு வேலை. பதிவை நீக்க வேண்டியது நிறுவனம். ஆளைப் பிடிக்க வேண்டியது போலீஸ். ஒன்றுக்காக மற்றதைத் தள்ளிப்போட வேண்டாம்.

2021-ஆம் ஆண்டின் தகவல் தொழில்நுட்ப விதிகள்படி ஃபேஸ்புக், இன்ஸ்டாகிராம், யூடியூப், எக்ஸ் போன்ற நிறுவனங்கள் குறைதீர் அதிகாரி ஒருவரை வைத்திருக்க வேண்டும். பெயரும் தொடர்பு விவரமும் அவர்கள் தளத்திலேயே இருக்கும். ஆப்பில் மூன்று புள்ளியைத் தட்டி ரிப்போர்ட் அடிப்பதோடு நில்லாமல், இந்த அதிகாரிக்கும் எழுதுங்கள். நிர்வாணமோ பாலியல் காட்சியோ இருந்தாலும், மார்ஃபிங் உட்பட ஆள்மாறாட்டமாக இருந்தாலும், புகார் வந்த 24 மணி நேரத்துக்குள் நீக்க வேண்டும் என்று அந்த விதி வந்தபோதே வரம்பு வைத்தார்கள். மற்ற புகார்களுக்கு 15 நாள். பின்னால் வந்த திருத்தங்கள் கெடுவைக் குறுக்கவே செய்தன. பாதிக்கப்பட்டவர்தான் எழுத வேண்டும் என்பதில்லை, அவர் சார்பில் அண்ணனோ தோழியோ எழுதலாம்.

பதில் திருப்தியில்லை என்றால் 30 நாளுக்குள் மத்திய அரசின் குறைதீர் மேல்முறையீட்டுக் குழுவுக்கு ஆன்லைனில் போகலாம். வக்கீல் தேவையில்லை. 2023-ல் தொடங்கிய இந்த ஏற்பாடு இருப்பதே பலருக்குத் தெரியாது.

அந்தரங்கப் படம் வெளியே போய்விடுமோ என்று பயப்படுபவர்களுக்கு ஸ்டாப் என்சிஐஐ என்ற தளம் இருக்கிறது. படத்தை அவர்களுக்கு அனுப்ப வேண்டியதில்லை. உங்கள் போனிலேயே அதற்கு ஓர் எண் அடையாளம் உருவாகும், அது மட்டும் போகும். உடன்பட்ட தளங்களில் அதே படம் ஏறினால் அந்த அடையாளத்தை வைத்துத் தடுப்பார்கள். 18 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு இதே வேலையைச் செய்வது டேக் இட் டவுன்.

2025-ல் ஒரு பெண் வழக்கறிஞரின் அந்தரங்கக் காட்சிகள் பரவிய வழக்கில், அவற்றை 48 மணி நேரத்துக்குள் நீக்க நடவடிக்கை எடுக்கும்படி சென்னை உயர் நீதிமன்றம் மத்திய அரசுக்கு உத்தரவிட்டது. சட்டம் தெரிந்த வழக்கறிஞரே நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது என்பதையும் சேர்த்தே படிக்க வேண்டும்.

போலீஸ் பக்கம் மூன்று வழி. ஆன்லைனில் சைபர்கிரைம் டாட் கவ் டாட் இன். அங்கே பெண்கள், குழந்தைகள் தொடர்பான குற்றத்துக்குத் தனிப் பிரிவு உண்டு. பெயர் சொல்லாமலும் கொடுக்கலாம், ஆனால் அப்படிக் கொடுத்தால் புகார் எந்த நிலையில் இருக்கிறது என்று பிறகு பார்க்க முடியாது. ஆள் தெரிய வேண்டும், தண்டனை வேண்டும் என்றால் பெயரோடு கொடுப்பதே பயன் தரும். வேடிக்கை என்னவென்றால், சட்டத்தில் இல்லாத 'சைபர் புல்லியிங்' இந்தப் படிவத்தின் வகைப் பட்டியலில் இருக்கிறது! விவரப் பெட்டியில் குறைந்தது 200 எழுத்தாவது எழுத வேண்டும். முன்பே ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டு உட்காருங்கள். 1930 என்ற எண் முக்கியமாகப் பண மோசடிக்கானது. மிரட்டிப் பணமும் வாங்கியிருந்தால் தாமதிக்காமல் அதற்கும் கூப்பிடுங்கள்.

ஆன்லைனில் கொடுத்தது எஃப்ஐஆர் ஆகாது. அது மாநில போலீசுக்குப் போகும், அவர்கள் கூப்பிடுவார்கள். நேரில் போவதென்றால் தமிழ்நாட்டில் மாவட்டந்தோறும் சைபர் கிரைம் காவல் நிலையம் இருக்கிறது. பக்கத்து ஸ்டேஷனிலும் கொடுக்கலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 173-ன்படி, சம்பவம் எங்கே நடந்திருந்தாலும் தகவலைப் பதிந்துதான் ஆக வேண்டும். 78, 79 போன்ற பிரிவுகளில் பெண் கொடுக்கும் புகாரைப் பெண் போலீஸ்தான் எழுத வேண்டும். தகவல் தொழில்நுட்பச் சட்டப் பிரிவுகளை விசாரிப்பவர் இன்ஸ்பெக்டர் நிலைக்குக் குறையக் கூடாது. மனுவை வாங்கிக்கொண்டு "பார்க்கிறோம்" என்றால், புகாரைப் பெற்றதற்கான சிஎஸ்ஆர் ரசீதாவது வாங்காமல் எழுந்து வராதீர்கள். எஃப்ஐஆர் போட்டால் அதன் நகல் இலவசம்.

பிள்ளைகள் சம்பந்தப்பட்டால்

பாதிக்கப்பட்டவர் 18 வயதுக்கு உட்பட்டவராகவும், தொல்லை பாலியல் தன்மையுடையதாகவும் இருந்தால் போக்ஸோ. தெரிந்தவர் எவரும் தகவல் கொடுத்தே ஆக வேண்டும். "ஸ்கூல் பெயர் கெட்டுவிடும், உள்ளுக்குள்ளேயே பேசித் தீர்த்துக்கொள்ளலாம்" என்று மறைக்கும் நிர்வாகப் பொறுப்பாளருக்கே ஓராண்டு வரை சிறை உண்டு. பிள்ளையைக் காவல் நிலையத்துக்கு இழுத்துப் போக வேண்டியதில்லை. வீட்டுக்கே, சீருடை இல்லாமல் வந்து வாக்குமூலம் வாங்க வேண்டும். உதவிக்குக் குழந்தைகள் உதவி எண் 1098, பள்ளிக் கல்வித் துறையின் 14417.

தொல்லை கொடுத்ததும் பள்ளிப் பிள்ளைதான் என்றால் வழக்கு இளைஞர் நீதிக் குழுமத்துக்குப் போகும். பெரிய குற்றமாக இல்லாவிட்டால் எஃப்ஐஆர் போட மாட்டார்கள், பொது நாட்குறிப்பில் பதிவார்கள். இதைப் புகாரை மழுப்புவதாக நினைக்க வேண்டாம், விதியே அப்படித்தான்.

கல்லூரி என்றால் சீனியர்கள் வாட்ஸப் குழுவில் படுத்துவதும் ராகிங்தான். யுஜிசியின் 1800-180-5522 எண்ணில் சொல்லலாம். அலுவலகத்தில் சக ஊழியர் இரவு நேரத்தில் பெண் ஊழியருக்கு அனுப்பும் பாலியல் மெசேஜ், பணியிடப் பாலியல் துன்புறுத்தலைத் தடுக்கும் 2013 சட்டப்படி அலுவலகத்தின் உள்புகார்க் குழுவுக்குப் போக வேண்டிய விஷயம். மூன்று மாதத்துக்குள் கொடுக்க வேண்டும்.

ஸ்டேஷனில் பதிய மறுத்தால், அதே புகாரை எழுத்து மூலம் எஸ்பிக்கு, மாநகரம் என்றால் காவல் ஆணையர் அலுவலகத்துக்கு, பதிவுத் தபாலில் அனுப்புங்கள். அங்கேயும் அசைவில்லை என்றால் மாஜிஸ்திரேட். அவர் கேட்கும் முதல் கேள்வி, எஸ்பிக்கு அனுப்பினீர்களா என்பதாக இருக்கும். அதனால் அந்தத் தபால் ரசீதைப் பத்திரமாக வையுங்கள். வழக்குப் பதிந்த பிறகு விசாரணை எந்த அளவில் இருக்கிறது என்பதை 90 நாளுக்குள் உங்களுக்குச் சொல்ல வேண்டியது போலீசின் பொறுப்பு. சொல்லவில்லை என்றால் 91-ஆம் நாள் எஃப்ஐஆர் எண்ணோடு போய்க் கேளுங்கள்.