சோதனைப் படமா, முயற்சிப் படமா?

ராமநாதபுரம் பக்கம் மாற்றுப் படம் திரையிடுகிறோம் என்று யார் நோட்டீஸ் அடித்தாலும் அதில் ‘சோதனைத் திரைப்படம்’ என்று போட்டுவிடுகிறார்கள். வழக்கமான கதை சொல்லலை விட்டுவிட்டு வடிவத்தில் புதிதாக எதையாவது செய்து பார்க்கும் எக்ஸ்பெரிமெண்டல் சினிமாவுக்குத் தமிழாம். இந்தச் சொல்லை இனியும் பொறுத்துக்கொள்ள முடியாது.

வேர் எளிது. ‘எக்ஸ்பெரிரி’ என்ற லத்தீன் வினைக்கு முயன்று பார்த்தல் என்று பொருள். அனுபவத்தைக் குறிக்கும் ‘எக்ஸ்பீரியன்ஸ்’ என்பதும் அதில் பிறந்ததே. ‘சோதனை’ வடமொழி, தூய்மை செய்தல், ஆராய்தல் என்பவை அதன் பொருள்கள்.

இப்போது இந்தக் கரையில் அந்தச் சொல்லுக்கு என்ன பொருள் என்று பாருங்கள். பாம்பன் மீனவரிடம் ‘சோதனை’ என்றால் நடுக்கடலில் படகை நிறுத்தி ஆட்கள் ஏறுவது நினைவுக்கு வரும். சாலையில் சோதனைச் சாவடி. வீட்டில் கஷ்டம் வந்தால் ‘ஆண்டவன் சோதிக்கிறான்’. புதிய பாம்பன் பாலத்தில் 2025இல் முறையான போக்குவரத்து தொடங்குவதற்கு முன் ரயிலை விட்டுப் பார்த்தார்களே, அதுவும் சோதனை ஓட்டம்தான். அப்படியானால் சோதனைப் படம் என்பது அசல் படத்துக்கு முன்னால் எடுக்கும் ஒத்திகையா? படம் பார்க்க வருகிறவர் அப்படித்தானே எடுத்துக்கொள்வார்?

இந்த வகைப் படங்களை எடுத்த அமெரிக்கரான ஸ்டான் பிராக்கேஜை எடுத்துக்கொள்வோம். 1963இல் அவர் செய்த ‘மாத்லைட்’ படத்தில் கேமராவே கிடையாது. விட்டில் இறகுகளையும் பூவிதழ்களையும் புல்லையும் இரண்டு ஒட்டுநாடாக்களுக்கு நடுவே வைத்து ஒட்டி, அதையே ஃபிலிமில் அச்செடுத்து ஓட்டினார். சில நிமிடப் படம், ஒலியும் இல்லை. 2003இல் இறக்கும்வரை நூற்றுக்கணக்கான படங்களைச் செய்தவர். அதே வகைப் படங்களை எடுத்த மாயா டெரன் 1943இல் லாஸ் ஏஞ்சல்ஸில் தன் வீட்டையே களமாக்கி, கணவரோடு சேர்ந்து 16 மி.மீ. ஃபிலிமில் எடுத்தது ஏறத்தாழ 14 நிமிடப் படம். இவர்கள் எதையும் சரியா தவறா என்று சரிபார்க்கவில்லை. அவை முழுமையான படைப்புகள். ஆய்வகத்து வாடை அடிக்கும் பெயரை அவற்றின் மேல் ஒட்டுவது அநியாயம்.

‘பரிசோதனைப் படம்’ இன்னும் மோசம். ரத்தமும் சிறுநீரும் கொடுத்துவிட்டு உட்கார்ந்திருப்பதுபோல இருக்கிறது. பழைய ‘பரீட்சார்த்தம்’ வாயிலேயே நுழையாது. கூடவே, இண்டிபெண்டண்ட் டைரக்டருக்குத் தமிழாக வரும் ‘சுயாதீன இயக்குநர்’ வேறு. நம் ஊரில் ஆதீனம் என்றால் மடம். ‘தற்சார்பு இயக்குநர்’ என்றால் என்ன குறைந்துவிடும்?

மொழிபெயர்ப்பாளர்களின் பழக்கம்தான் இதற்கெல்லாம் காரணம். அகராதியில் முதலில் கிடைக்கும் சொல்லை எடுத்து வைத்துவிட்டு, அது ஊரில் எந்தப் பொருளில் புழங்குகிறது என்று கேட்பதே இல்லை. அறிவியல் பாடநூலுக்குப் பொருந்தும் சொல் கலைக்கும் பொருந்திவிடும் என்று யார் சொன்னது?

என் தேர்வு ‘முயற்சிப் படம்’. வள்ளுவர் ‘மெய்வருத்தக் கூலி தரும்’ என்றது முயற்சியைத்தான். காசு கிடைக்காமல் உழைக்கும் இந்தப் படைப்பாளிகளுக்கு அதைவிடப் பொருத்தமான சொல் ஏது? தமிழில் முயல்வதே பார்ப்பதுதான்: செய்து பார், போட்டுப் பார், ஏறிப் பார் என்கிறோம். கண்ணால் பார்க்கும் கலைக்கு இந்த உறவு வேறு எந்தச் சொல்லிலும் வராது.

‘முயற்சி’ என்றால் பாதியில் நின்றதுபோலத் தொனிக்கிறது என்பார்கள். முயற்சி பலித்தது என்றும் சொல்கிறோமே! ‘சோதனை முயற்சி’ என்று இரண்டையும் சேர்த்து எழுதுகிறவர்களும் உண்டு. அவர்கள் முதல் சொல்லை அடித்துவிட்டால் போதும்.