எக் ரோல் எப்போ எண்ணெய் குடிக்குது?

நியூஜெர்சில இருக்கற வாசகி ஒருத்தங்க கேட்டிருக்காங்க: "பிலடெல்பியா பக்கம் போனா சீஸ் ஸ்டேக் எக் ரோல் குடுக்கறாங்க, அவ்ளோ நல்லா இருக்கு. அதையே வீட்ல பண்ணா சட்டில இருந்து எடுக்கும்போது மொறுமொறுன்னு இருக்கு, பத்து நிமிஷத்துல நமுத்துப்போகுது, கையெல்லாம் எண்ணெய், பாதி ரோல்ல சீஸ் வெளிய வந்து சட்டி கறுத்துடுது. அம்மாகிட்ட ஃபோன்ல சொன்னா எண்ணெய்ல ஒரு துளி புளி போடுங்கறாங்க. போடலாமா?"

புளி வேண்டாம். ஏன்னு கீழ சொல்றேன்.

மொதல்ல, கொல்கத்தா எக் ரோல்னு நெனச்சு உள்ள வந்தவங்க மன்னிக்கணும், இது வேற. அமெரிக்கால இருக்கற சீன ஓட்டல்கள்ல கோதுமை மாவும் முட்டையும் சேர்த்த கொஞ்சம் தடியான உறைல முட்டைகோஸ், கறி எல்லாம் வச்சு சுருட்டி பொரிப்பாங்க, மேல கொப்புளம் கொப்புளமா இருக்கும், அதுதான் அங்க எக் ரோல். சீஸ் ஸ்டேக் பிலடெல்பியாவோட சொத்து. 1930ல தெற்கு பிலடெல்பியால ஹாட் டாக் வித்துக்கிட்டிருந்த பேட் ஒலிவியேரி மெலிசா வெட்டின மாட்டுக்கறிய வெங்காயத்தோட கல்லுல வதக்கி நீள ரொட்டில வச்சு சாப்பிட்டதுல ஆரம்பிச்சுதுன்னு சொல்வாங்க, சீஸ் எல்லாம் சில வருஷம் கழிச்சு சேர்ந்ததுதான். அப்பறம் யாரோ ஒரு புண்ணியவான் ரொட்டிய தூக்கிப்போட்டுட்டு உள்ள இருக்கறத மட்டும் எடுத்து எக் ரோல் உறைல சுத்திட்டாரு. இதே மாதிரி டெட்ராய்ட்ல கார்ன்ட் பீஃப், அதாவது உப்புத்தண்ணில ஊற வச்ச மாட்டுக்கறி, அதுல பண்ற எக் ரோல் பிரபலம், ரூபன் சாண்ட்விச்ச அப்படியே சுருட்டறவங்களும் இருக்காங்க, கார்ன்ட் பீஃபும் புளிச்ச முட்டைகோஸும் சுவிஸ் சீஸும் வச்சு. கறி எதுவா இருந்தாலும், காளானோ கோழியோ போட்டாலும், கீழ சொல்ற இயற்பியல் ஒண்ணேதான்.

செய்முறை எல்லாருக்கும் தெரிஞ்சதுதான், ஓடியே போயிடலாம். கறிய அரைமணி நேரம் ஃப்ரீசர்ல வச்சா மெலிசா வெட்ட வரும், வெங்காயம் குடமிளகாயோட வதக்கி, சீஸ் சேர்த்து, ஆற வச்சு, உறையோட ஒரு மூலை நம்மள பாக்கற மாதிரி போட்டு நடுவுல வச்சு, கீழ் மூலைய மேல இழுத்து, ரெண்டு பக்கமும் மடிச்சு, இறுக்கமா சுருட்டி, கடைசி மூலைல அடிச்ச முட்டைய தடவி ஒட்டி, 175 டிகிரி செல்சியஸ்ல இருந்து 180க்குள்ள எண்ணெய்ல பொன்னிறமா பொரிக்கணும். அவ்ளோதான். இப்ப எனக்குப் பிடிச்ச விஷயத்துக்கு வரேன்.

எண்ணெய்ல போட்ட உடனே சளசளன்னு நுரைச்சுக்கிட்டு குமிழி வருதே, அது எண்ணெய் கொதிக்கறது இல்ல, எண்ணெய் அந்தச் சூட்டுல கொதிக்காது. உறைல இருக்கற தண்ணி 100 டிகிரிய தொட்டு ஆவியாகி வெளிய ஓடி வர்றதுதான் அது. ஒரு கிராம் தண்ணி ஆவியானா கிட்டத்தட்ட 1.7 லிட்டர் இடம் கேக்கும், அதாவது கால் ஸ்பூன் தண்ணி ஒரு பெரிய கூல்டிரிங்க்ஸ் பாட்டில் அளவுக்கு விரியுது, அதுவும் தாள் மாதிரி மெலிசான உறைக்குள்ள இருந்து. உறையோட மேல்தோல் கெட்டியாகறதுக்கு முன்னாடி உள்ள அகப்பட்ட ஆவி அத ஊதிவிடுது, ஊதின வாக்குலயே காஞ்சு கெட்டியாயிடுது, அதுதான் கொப்புளம். முட்டையும், கோதுமைல இருக்கற குளூட்டன்ங்கற புரதமும் சேர்ந்து இழுத்தா நீள்ற மாவா இருக்கறதாலதான் கிழியாம ஊத முடியுது. ஸ்ப்ரிங் ரோல் உறைல இது ரொம்ப வராது, அது ஏற்கனவே கல்லுல வெந்த மெலிசு தாள்.

இப்ப கவனிங்க. ஆவி வேகமா வெளிய வந்துக்கிட்டே இருக்கற வரைக்கும் எண்ணெயால உள்ள நுழைய முடியாது. உறைல இருக்கற ஒவ்வொரு ஓட்டை வழியாவும் ஆவி வெளிய தள்ளுது, எண்ணெய் வாசல்லயே நிக்குது. அதனால நாம நெனக்கறதுக்கு நேர் எதிரா, சட்டிக்குள்ள முங்கி கெடக்கும்போது எக் ரோல் ரொம்ப எண்ணெய் குடிக்கறதில்ல. குடிக்கறது வெளிய எடுத்ததுக்கு அப்பறம்!

எனக்கு இத மொதல்ல படிச்சப்போ நம்பவே முடியல. ஆனா டார்ட்டியா சிப்ஸ, அதாவது மக்காச்சோள சிப்ஸ வச்சு டெக்சாஸ்ல 1990கள்ல அளந்து பாத்திருக்காங்க. மொத்த எண்ணெய்ல சுமார் அஞ்சுல ஒரு பங்குதான் பொரியும்போது உள்ள போகுது, மீதி எல்லாம் எடுக்கும்போது மேல படலமா ஒட்டிக்கிட்டு வருது, அந்தப் படலத்துல பெரும்பங்கு ஆறும்போதுதான் உள்ள போகுது. உருளைக்கிழங்கு வறுவலுக்கும் இதே கதைதான்னு சாயம் கலந்த எண்ணெய வச்சு காட்டியிருக்காங்க.

எப்படி உள்ள போகுது? சூடான குழம்ப எவர்சில்வர் டப்பால ஊத்தி மூடி வச்சிட்டு, ஆறினதும் தொறக்கப் போனா மூடி வரவே வராதே, அதேதான். டப்பாக்குள்ள இருந்த ஆவி குளிர்ந்து தண்ணியாச்சுன்னா அது பிடிச்சிருந்த இடம் காலியாயிடுது, உள்ள அழுத்தம் குறையுது, வெளிக்காத்து மூடிய அமுக்குது. எக் ரோல் உறைல இருக்கற கண்ணுக்குத் தெரியாத ஓட்டை ஒவ்வொண்ணும் ஒரு குட்டி டப்பா. சட்டில இருந்து தூக்கினதும் மேல்தோல் ஆற ஆரம்பிக்குது, ஓட்டைல இருக்கற ஆவி சுருங்கி தண்ணியாகுது, உள்ள வெற்றிடம் மாதிரி ஆகுது. ஆனா இங்க மூடிக்கு பதிலா ஓட்டை வாயில நிக்கறது எண்ணெய். வெளிக்காத்து அந்த எண்ணெய உள்ள அமுக்கித் தள்ளுது, கூடவே நுண்துளைங்கறதால அதுவா ஊறி ஏறறதும் சேர்ந்துக்குது. இதுல இன்னொரு கொடுமை, ஆற ஆற எண்ணெய் கெட்டியாகும், வடியாது, படலம் தடிமனாவே நிக்கும்.

ஆக உங்க எக் ரோல் எண்ணெய் பிசுக்கா இருக்கப்போகுதா இல்லையாங்கறத பெரும்பாலும் தீர்மானிக்கறது எடுத்த பிறகு வர்ற அந்த மொத அரை நிமிஷம்தான். கரண்டில எடுத்து சட்டிக்கு மேலயே, அந்தச் சூட்டுலயே பிடிச்சு நல்லா உதறணும், அங்க இருக்கற வரைக்கும் எண்ணெய் தண்ணியா இருக்கும், வடிஞ்சிடும். செங்குத்தா பிடிச்சா இன்னும் நல்லது, நுனில சொட்டிடும். உடனே பேப்பர்ல ஒரு ஒத்தி ஒத்திட்டு கம்பி வலை மேல வைக்கணும். பேப்பர் மேலயே படுக்க வச்சு, அது மேல இன்னொண்ணு அடுக்கி, அது மேல தட்ட கவுத்தி வச்சோம்னா உள்ள இருந்து வர்ற ஆவிக்குப் போக இடமில்ல, அடிப்பக்கம் அது ஊத்தின எண்ணெய்லயே கெடக்குது. முறுக்கு சுட்டு எண்ணெய் வடிகட்டில போடற பாட்டிங்க எல்லாரும் இத செஞ்சிக்கிட்டுதான் இருந்தாங்க, காரணம் மட்டும் வேற சொன்னாங்க.

காரணம்னதும் புளி விஷயத்துக்கு வந்துடறேன். புளித் துண்டு எண்ணெய்ல விழுந்தா அதுல இருக்கற தண்ணி சடசடன்னு ஆவியாகும், அப்பறம் கருகும். அது எப்படி வேறொரு பண்டத்தோட ஓட்டைல ஆவி குளிர்றத தடுக்கும்? வழியே இல்ல. இன்னொண்ணு சொல்வாங்க, பலகாரம் சுடும்போது வெளியாள் பாத்தா கண்ணு பட்டு எண்ணெய் குடிக்கும்னு. வெளியாள் வந்தா என்ன நடக்கும், அடுப்ப குறைச்சிட்டு பேசப் போவோம், எண்ணெய் சூடு இறங்கும், பொரிய நேரமாகும், எடுத்தத உதறாம பாத்திரத்துல கொட்டுவோம். எண்ணெய் குடிக்காம என்ன செய்யும்? பாவம் அந்தப் பக்கத்து வீட்டம்மா.

கண்ணு வைக்கறத நம்பற நேரத்துல சூட்ட நம்பலாம். சூடு எறங்கற மேட்டர்ல ஒண்ணு, ஒரு கிராம் தண்ணிய ஆவியாக்க சுமார் 2260 ஜூல் வேணும், அது அத்தனையும் எண்ணெய்ல இருந்துதான் உருவுது, அதனால சின்ன சட்டில ஒரே நேரத்துல பத்து ரோல போட்டா எண்ணெய் படுத்துடும், மூணு நாலு போதும். அதேமாதிரி பழைய எண்ணெய் வேண்டாம். திரும்பத் திரும்ப காய்ச்சின எண்ணெய் உடைஞ்சு அதுல சோப்புத்தன்மை உள்ள பொருட்கள் சேருது, அந்த எண்ணெய் எதுமேல பட்டாலும் ஈசியா பரவி ஊறும், ஆக அதிகமா குடிக்கும். இந்தியால இப்படிக் கெட்டுப்போன பொருட்கள் 25 சதவீதத்துக்கு மேல போன எண்ணெய உணவுக்கடைல பயன்படுத்தக்கூடாதுன்னு 2018ல இருந்து சட்டமே இருக்கு, சாயங்கால பஜ்ஜி கடைல யாராவது அளந்து பாத்திருக்காங்களான்னு கேக்காதீங்க.

இப்ப நமுத்துப்போறது. இது எண்ணெய் பிரச்சினை இல்ல, தண்ணி பிரச்சினை. மொறுமொறுப்புங்கறது உறைல இருக்கற மாவுச்சத்து நல்லா காஞ்சு கண்ணாடி நிலைல இருக்கறது, அதாவது மூலக்கூறுங்க நகர முடியாம உறைஞ்சு நிக்கறது, கடிச்சா வளையாம படக்குனு உடையும். கொஞ்சம் தண்ணி உள்ள வந்தாலும் மூலக்கூறுங்களுக்கு நடுவுல புகுந்து நகர விட்டுடும், உடனே ரப்பர் ஆயிடும். அந்தத் தண்ணி எங்க இருந்து வருது, உள்ள வச்ச கறில இருந்துதான். வெங்காயத்துல கிட்டத்தட்ட 90 சதவீதம் தண்ணி, குடமிளகாய்லயும் காளான்லயும் அதுக்கும் மேல. சாண்ட்விச்சுல இந்தச் சாறு எல்லாத்தையும் ரொட்டி உறிஞ்சிக்கும், அதுதான் சாண்ட்விச்சோட ருசியே, எக் ரோல் உறைக்கு அந்தத் தாங்கும் சக்தி கெடையாது. அதனால சாண்ட்விச்சுக்கு பண்ற மாதிரி சாறோட எடுக்காம கல்லுல ஈரம் வத்தி லேசா ஒட்டிப்பிடிக்கற வரைக்கும் வதக்கணும், அப்பறம் முழுசா ஆறணும், சூடா வச்சு சுருட்டினா பொரிக்கறதுக்கு முன்னாடியே உறை வேர்த்து இளகிடும்.

சீஸ் வெளிய வர்றதுக்கும் பாதி காரணம் இதே ஆவிதான், உள்ள இருந்து வெளிய போக வழியில்லாம ஒட்டின விளிம்ப பிளக்குது, காத்து இடைவெளி இல்லாம சுருட்டறது அதுக்குத்தான். மீதி பாதி சீஸோட குணம். சீஸ்ல கேசின்ங்கற புரதத்த கால்சியம் ஒண்ணோட ஒண்ணா கட்டி வச்சிருக்கு. நல்லா பழுத்த சீஸ ரொம்ப சூடாக்கினா புரதம் ஒரு பக்கம் சுருங்கி கட்டியாகும், கொழுப்பு உருகி தனியா ஓடிடும். சிட்ரேட் உப்பு சேர்த்தா அது கால்சியத்த பிடிச்சிக்கும், கேசின் விடுபட்டு கொழுப்புத் துளிங்கள சுத்தி நின்னுக்கும், எவ்ளோ சூடாக்கினாலும் பிரியாம கொழகொழன்னு இருக்கும். 1911ல சுவிட்சர்லாந்துல இத கண்டுபிடிச்சாங்க, 1916ல அமெரிக்கால கிராஃப்ட்ங்கற சீஸ் வியாபாரி காப்புரிமை வாங்கினாரு, இன்னிக்கு அமெரிக்கன் சீஸ்னு ஸ்லைஸ் ஸ்லைஸா விக்கறது அந்த வம்சம்தான். சீஸ் பிரியர்கள் அத சீஸே இல்லம்பாங்க, பரவால்ல, எக் ரோலுக்கு அதுதான் சரி. ப்ரொவலோன்ங்கற இத்தாலிய சீஸோட ருசி வேணும்னா பாதிக்குப் பாதி போடுங்க. தனியா துண்டு வைக்காம, அடுப்புல இருக்கும்போதே கறியோட கலந்து ஆற விடுங்க, மிச்சம் மீதி ஈரத்தையும் அது பிடிச்சு வச்சிக்கும்.

எண்ணெய்ல பொரிக்கறதுக்கெல்லாம் ஆராய்ச்சியான்னு சிரிக்கறவங்க இருக்காங்க. ஐரோப்பிய விண்வெளி நிறுவனம் எடையில்லா நிலைல உருளைக்கிழங்கு பொரிக்கறத ஆராய விமானத்துல சோதனை பண்ண வச்சது, கிரேக்க விஞ்ஞானிகள் செஞ்சாங்க, அங்கயும் ஆவிக்குமிழி கிழங்க விட்டுப் பிரியுதுன்னு தெரிஞ்சுது. நாம சமையல் எண்ணெய்ல பாதிக்கு மேல வெளிநாட்டுல இருந்து வாங்கற தேசம், தெருவுக்குத் தெரு வடை சட்டி இருக்கற தேசம். ஒவ்வொரு வடையும் கொஞ்சம் கம்மியா எண்ணெய் குடிச்சா எவ்ளோ டாலர் மிச்சம், எவ்ளோ இதயம் மிச்சம்? மைசூர்லயும் தஞ்சாவூர்லயும் உணவு ஆராய்ச்சி நிறுவனம் இருக்கு, ஆளும் இருக்காங்க. இதுக்கு தாராளமா காசு குடுக்கணும்ங்கறது என் கட்சி.

கடைசியா, ஏர் ஃப்ரையர்ல பண்ணலாமான்னும் கேட்டிருந்தாங்க. பண்ணலாம், மேல எண்ணெய் நல்லா தடவி. ஆனா காத்து எண்ணெய் அளவுக்கு வேகமா சூட்ட கடத்தாது, ஆவி மெதுவாதான் கிளம்பும், அதுக்குள்ள மேல்தோல் காஞ்சிடும், கொப்புளம் அவ்ளோவா வராது, பிஸ்கட் மாதிரி மொறுமொறுப்புதான் கிடைக்கும். மிஞ்சினத மறுநாள் சூடு பண்ண ஏர் ஃப்ரையரோ ஓவனோ 190 டிகிரில வைங்க. மைக்ரோவேவ் மட்டும் வேண்டாம், அது உள்ள இருக்கற தண்ணிய சூடாக்கி உறைக்கு அனுப்பும், உறையச் சுத்தி இருக்கற காத்து ஜில்லுனே இருக்கும், ஆவி அங்கயே தங்கி ஊறிடும்.