இன்ஜின் ஸ்டார்ட் ஆகும், கார் நிற்குமா?

பல வருடம் மூடிக் கிடந்த பழைய ஸ்போர்ட்ஸ் காரை வாங்கி வருகிறவர்கள் கேட்கிற முதல் கேள்வி, "இன்ஜின் ஸ்டார்ட் ஆகுமா?" பெரும்பாலும் ஆகிவிடும். பிரேக் போட்டால் நிற்குமா என்று யாரும் கேட்பதில்லை. இந்தக் கார்களைப் பிரித்து மாட்டுவதே என் தொழில், அதனால் சொல்கிறேன், பயப்பட வேண்டியது அங்கேதான்.

இவற்றின் சரித்திரமே அப்படி. வேகம் முன்னால் ஓடியது, பிரேக் பின்னாலேயே வந்து சேர்ந்தது. 1948இல் வந்த ஜாகுவார் எக்ஸ்கே120 தன் வேகத்தைப் பெயரிலேயே வைத்திருந்தது, மணிக்கு 120 மைல், அதாவது சுமார் 193 கிலோமீட்டர். ஆனால் நிறுத்துவதற்கு நான்கு சக்கரத்திலும் டிரம் பிரேக்தான், சக்கரத்தோடு சுற்றும் மூடிய டிரம்முக்குள் பிரேக் கட்டை விரிந்து உரசி நிறுத்துகிற வகை. டிரம்முக்குள் பிறக்கிற சூடு சீக்கிரம் வெளியேறாது, மலை இறக்கத்தில் அழுத்த அழுத்தப் பிடிப்பு குறைந்துகொண்டே போகும். 1953இல் பிரான்சின் லு மான் 24 மணி நேரப் பந்தயத்தில் அதே கம்பெனியின் சி-டைப், சுற்றும் தட்டை இரு பக்கமும் கவ்விப் பிடிக்கிற டிஸ்க் பிரேக்கோடு ஓடி ஜெயித்தது. டோனி ரோல்ட்டும் டங்கன் ஹாமில்டனும் ஓட்டிய கார் அது. அப்புறம் 1956இல் ட்ரையம்ப் டிஆர்3க்கு முன்சக்கரங்களில் டிஸ்க், 1961இல் ஜாகுவார் இ-டைப்புக்கு நான்கிலும்.

சரி, டிஸ்க் இருந்தால் போதுமா? போதாது. டிஆர்3, 1962இல் வந்த எம்ஜிபி போன்றவற்றில் நான்கு சக்கரத்துக்கும் ஒரே சர்க்யூட், அதாவது பிரேக் திரவம் போக ஒரே குழாய்த் தொடர். அதில் ஒரு ஹோஸ், அதாவது ரப்பர் குழாய், வெடித்தால் நான்கும் போச்சு. அமெரிக்காவில் இரட்டை சர்க்யூட் கட்டாயமானதே 1968இல்தான்.

ஒருமுறை சிவப்பு நிற இரண்டு சீட்டர் ஒன்று வந்தது. பெயிண்ட் கண்ணாடி மாதிரி மின்னியது. பின்பக்க டிரம்மைக் கழற்றி, பிரேக் கட்டையைத் தள்ளுகிற வீல் சிலிண்டரின் ரப்பர் மூடியை விரலால் நெம்பினேன், துரு கலங்கிய திரவம் வழிந்தது, பிஸ்டன் அசையவே இல்லை. முன்பக்க ஹோஸ் வெளியே நன்றாகத்தான் இருந்தது. வெட்டிப் பார்த்தால் உள்சுவர் உப்பி, துளை ஊசி நுழைகிற அளவுக்குச் சுருங்கியிருந்தது. மிதித்தால் அழுத்தம் உள்ளே போகும், காலை எடுத்தாலும் லேசில் திரும்பாது, சக்கரம் பிடித்தபடியே ஓடிச் சூடேறும். அதன் சொந்தக்காரர் முந்தின வாரம்தான் மகளைப் பக்கத்தில் உட்கார வைத்து ஓட்டிப் போயிருக்கிறார். அதைக் கேட்டதும் எனக்குக் கை நடுங்கிவிட்டது.

பிரேக் ஆயில் என்கிறோமே, அது எண்ணெயே இல்லை. கிளைகால் வகைத் திரவம், கார் சும்மா நின்றாலும் காற்றிலிருந்து ஈரத்தை இழுத்துக்கொண்டே இருக்கும். அதில் டாட் 4 என்ற தரத்தில் வருவது, புதிதாக இருக்கும்போது குறைந்தது 230 டிகிரி செல்சியஸ் வரை கொதிக்காமல் தாங்க வேண்டும், 3.7 சதவீதம் தண்ணீர் சேர்ந்துவிட்டால் அந்த வரம்பு 155 தான். கொதித்தால் லைனுக்குள் ஆவி, ஆவி அமுங்கும், பெடல் தரை வரை போகும்.

அதனால் கார்ப்ரேட்டரைத் தொடும் முன் எல்லா ஹோஸையும் மாற்றிவிடுங்கள், பார்க்க நன்றாக இருந்தாலும் சரி. சிலிண்டர்களைப் பிரித்துப் பாருங்கள், உள்சுவரில் குழி விழுந்திருந்தால் புது ரப்பர் போட்டுச் சமாளிக்க வேண்டாம். ஆயிலை இரண்டு வருடத்துக்கு ஒருமுறை மாற்றுங்கள், சிலிகான் வகை டாட் 5ஐ மற்றதோடு கலக்கவே கலக்காதீர்கள். எல்லாம் முடிந்ததும் பெடலை ஒரு நிமிடம் அழுத்திப் பிடியுங்கள். கால் மெல்ல மெல்லக் கீழே இறங்கினால் எங்கோ அழுத்தம் கசிகிறது, அன்று காரை வெளியே எடுக்காதீர்கள்.