"நாளையிலிருந்து வராதே" என்று வாயால் சொன்னால் வேலை போய்விடாது

ஒரு நகராட்சியில் பதினோரு வருடம் குடிநீர்க் குழாயின் வால்வைத் திறந்துவிடும் வேலை பார்த்தவர் என்னிடம் வந்தார். தினக்கூலிதான். எந்தத் தெருவுக்கு எத்தனை மணிக்குத் தண்ணீர் போக வேண்டும் என்பது அந்த ஊரில் அவருக்குத்தான் தெரியும். ஒருநாள் காலையில் மேஸ்திரி, "நாளையிலிருந்து வர வேண்டாம், மேலே சொல்லிட்டாங்க" என்றிருக்கிறார். கடிதமும் இல்லை, காரணமும் இல்லை. அதிகாரியைப் போய்ப் பார்த்ததற்கு, "நீ என்.எம்.ஆர்.தானே (தினக்கூலிப் பட்டியல் ஆள்), உனக்கெதுக்கு ஆர்டர்?" என்று பதில். அதை நம்பி அவர் நான்கு மாதம் வீட்டிலேயே இருந்துவிட்டார்.

தொழிலாளர் வழக்குகள் நடத்துகிற எனக்கு மிகவும் வருத்தம் தருவது இந்த நம்பிக்கைதான். தினக்கூலி என்றால் எப்போது வேண்டுமானாலும் அனுப்பலாம் என்று சட்டம் எங்கேயும் சொல்லவில்லை. நீக்கப்பட்ட நாளுக்கு முந்தைய 12 மாதங்களில் 240 நாள் வேலை பார்த்திருந்தால், ஆட்குறைப்பு செய்வதற்கு முன் ஒரு மாத நோட்டீஸ் அல்லது அதற்கான சம்பளம் தர வேண்டும், முடித்த ஒவ்வொரு வருடத்துக்கும் 15 நாள் சராசரி ஊதியத்தை இழப்பீடாகத் தர வேண்டும். 1947-ஆம் ஆண்டு தொழில் தகராறுகள் சட்டத்தின் 25எஃப் பிரிவு இது. 2025 நவம்பர் 21 முதல் அந்தச் சட்டத்தின் இடத்துக்குப் புதிய தொழிலுறவுச் சட்டத் தொகுப்பு வந்துவிட்டது, ஆனால் இந்த நிபந்தனைகள் அதிலும் இருக்கின்றன. ஞாயிற்றுக்கிழமையும் சம்பளத்தோடு கூடிய விடுமுறையும் அந்த 240-க்குள் சேரும் என்று 1985-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது, பலர் இதைச் சேர்க்காமல் எண்ணிவிட்டு "எனக்கு நாள் பத்தாது சார்" என்று திரும்பிப் போகிறார்கள்.

அதிகாரிகள் உடனே உமாதேவி தீர்ப்பைக் காட்டுவார்கள். முறையான தேர்வு இல்லாமல் வந்தவர்கள் பணி நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்று 2006-இல் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் சொன்னது உண்மை. சரி. ஆனால் "என்னை நிரந்தரமாக்கு" என்பது ஒரு வழக்கு, "என்னைச் சட்டப்படி நீக்கவில்லை" என்பது வேறு வழக்கு. உமாதேவி தீர்ப்பைக் காட்டி இரண்டாவது வழக்கை மூடிவிட முடியாது. காசியாபாத் மாநகராட்சித் தோட்டத் தொழிலாளர்கள் 2005-இல் எழுத்துப்பூர்வ உத்தரவு எதுவும் இல்லாமல் வெளியேற்றப்பட்டார்கள், 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அவர்களைத் திரும்ப எடுக்கவும் பாதிச் சம்பள பாக்கியைக் கொடுக்கவும் உத்தரவிட்டது. இருபது வருடம் ஆனது என்பதை நினைத்தால் நெஞ்சு கனக்கத்தான் செய்கிறது. எல்லாருக்கும் வேலை திரும்பக் கிடைக்கும் என்று நான் வாக்குக் கொடுக்க மாட்டேன், தினக்கூலி வழக்குகளில் மொத்தமாக ஒரு தொகையைக் கொடுத்து முடிக்கச் சொன்ன தீர்ப்புகளும் நிறைய இருக்கின்றன.

இந்த வழக்குகளில் தீர்ப்பை முடிவு செய்வது பெரும்பாலும் சட்டம் அல்ல, காகிதம். 240 நாள் வேலை பார்த்ததைக் காட்ட வேண்டியது தொழிலாளிதான். மஸ்டர் ரோல் எனும் வருகைப் பதிவேடோ அலுவலகத்தில் இருக்கிறது, சில இடங்களில் நாள் கணக்கு சேரக்கூடாது என்றே மூன்று மாதத்துக்கு ஒருமுறை பெயரை விட்டுவிடுவார்கள், அல்லது மனைவி பெயரிலோ தம்பி பெயரிலோ எழுதிக் கூலி கொடுப்பார்கள். அப்படி நடந்திருந்தால் மறைக்காமல் முதல் நாளே வக்கீலிடம் சொல்லிவிடுங்கள். வங்கி பாஸ்புக், பி.எஃப். கணக்கு, இ.எஸ்.ஐ. அட்டை, அடையாள அட்டை, வேலை ஒதுக்கிய வாட்ஸ்அப் செய்தி, சீருடையில் எடுத்த போட்டோ, எதையும் தூக்கிப் போடாதீர்கள். இவ்வளவையும் கொடுத்துவிட்டு, மஸ்டர் ரோலைத் தாக்கல் செய்ய உத்தரவிடுங்கள் என்று மனுப் போட்டால், நிர்வாகம் அதைக் கொண்டுவராதபோது நீதிமன்றம் அவர்களுக்கு எதிராக முடிவுக்கு வர முடியும்.

அப்புறம், வேலைக்கு வராதே என்று சொன்ன மறுநாளே, "நான் வேலைக்குத் தயாராக இருக்கிறேன், என்னை இன்ன தேதியில் வாய்மொழியாக நிறுத்தினீர்கள்" என்று ஒரு பக்கம் எழுதி ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். இல்லாவிட்டால் "அவராகவே நின்றுவிட்டார்" என்ற பதில்தான் வரும், நான் பார்த்த வழக்குகளில் பாதிக்கு மேல் இதே பதில். பாக்கிக் கூலியை வாங்கப் போகும்போது வெற்றுத் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள், கைநாட்டும் வைக்காதீர்கள்.

எழுதியதற்குப் பதில் வராவிட்டால் தொழிலாளர் துறையின் சமரச அலுவலரிடம் மனுக் கொடுக்க வேண்டும். அங்கே 45 நாளில் முடியாவிட்டால் நேராக நீதிமன்றத்துக்குப் போகலாம். பழைய சட்டத்தில் இதற்கெல்லாம் மூன்று வருடக் காலக்கெடு இருந்தது, புதியதில் இரண்டாகக் குறைத்துவிட்டார்கள், அதனால் "கவுன்சிலர் பேசுறேன்னு சொல்லியிருக்கார்" என்று காத்திருக்காதீர்கள்.

வால்வு திறப்பவரிடம் பாஸ்புக் பதிவு பாதிதான் இருந்தது. ஆனால் எந்தத் தெருவுக்கு எத்தனை மணிக்குத் தண்ணீர் விட்டோம் என்று தினமும் தேதி போட்டு எழுதிய ஆறு நோட்டுகள் இருந்தன, தெருக்காரர்கள் சண்டைக்கு வந்தால் காட்டுவதற்காக எழுதியதாம். அந்த நோட்டுகளைத்தான் நீதிமன்றத்தில் முதல் ஆவணமாகக் குறியிட்டோம்.

வழக்குச் செலவுக்குப் பணமில்லை என்றால் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். தொழிலாளிக்கு இலவச வக்கீல் கேட்கும் உரிமை 1987-ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே இருக்கிறது. 15100 என்ற எண்ணில் கூப்பிட்டும் கேட்கலாம்.