ரவூலியா: சொல் விளக்கம்

நியூசிலாந்தில் வளரும் ஒரு செடிப் பேரினத்துக்கு ரவூலியா என்று பெயர். சூரியகாந்திக் குடும்பத்தைச் சேர்ந்தது. எத்தியேன் ரவூல் (1815–1852) என்ற பிரெஞ்சுக் கடற்படை மருத்துவரின் நினைவாக வைத்த பெயர் அது. 1840களின் தொடக்கத்தில் கப்பலோடு வந்த அவர், தென் தீவின் அக்கரோவா பகுதியில் செடிகளைத் திரட்டினார். அவற்றைப் பற்றிய அவருடைய நூல் வெளிவந்த 1846இல்தான் இந்தப் பெயரும் அச்சேறியது. சூட்டியவர் ஆங்கிலேயத் தாவரவியலாளர் ஜோசப் டால்டன் ஹூக்கர். ஆள்பெயரிலிருந்து வந்த பேரினப் பெயரை மொழிபெயர்க்க வேண்டியதில்லை. ரவூலியா என்றே எழுதலாம்.

தமிழ்ச் சொல் தேவைப்படுவது இச்செடியின் வடிவத்துக்கு. ரவூலியா எக்ஸிமியா என்ற சிற்றினம் தென் தீவின் மலைகளில், மரங்கள் வளர முடியாத உயரத்தில், பாறைகளைப் பற்றிக்கொண்டு வளர்கிறது. அதன் கிளைகள் ஒன்றையொன்று நெருக்கி ஒரே அளவில் வளர்வதால், நுனிகள் சேர்ந்து உருண்டு திரண்ட ஒரு மேற்பரப்பாகிவிடுகின்றன. ஒவ்வொரு நுனியிலும் வெண்மயிர் போர்த்த சின்னஞ்சிறு இலைக்கொத்து. காற்று உள்ளே நுழைய இடமில்லை, ஈரம் எளிதில் வெளியேறவும் வழியில்லை. பழைய இலைகள் உதிராமல் உள்ளேயே மட்கி நீரைப் பிடித்துவைக்கின்றன. கிளைகள் அந்த மட்குக்குள்ளேயே வேர் விடுகின்றன. தன் மண்ணைத் தானே ஆக்கிக்கொள்ளும் செடி என்பது எத்தனை வியப்பு! இலை சில மில்லிமீட்டர்தான் என்றாலும், செடி இரண்டு மீட்டர் அகலம்கூட வளரும்.

இவ்வடிவத்தைக் குறிக்கும் தாவரவியல் சொல், புல்வினஸ் என்ற இலத்தீன் சொல்லிலிருந்து பிறந்தது. சாய்ந்துகொள்ளும் திண்டு என்பது அதன் பொருள். இதே மலைகளின் இன்னொரு செடியான ஹாஸ்டியா புல்வினாரிஸின் பெயரிலும் அதைக் காணலாம். ஆகவே 'திண்டுச்செடி' என்பதே பொருத்தம். 'மெத்தைச் செடி' என்றால் தட்டையான ஒன்று மனத்தில் தோன்றும். தட்டையாகப் படர்பவையும் இப்பேரினத்தில் உண்டு. ஆற்றுச் சரளையில் பரவும் ரவூலியா ஆஸ்திராலிஸ் அப்படிப்பட்டது. அதைப் 'பாய்ச்செடி' எனலாம். திண்டுச்செடி என்பது உருவத்தைச் சொல்வதே தவிர உறவைச் சொல்வதன்று. ஆண்டீஸ் மலையின் யாரெட்டாவும் திண்டுச்செடிதான், ஆனால் அது கொத்தமல்லிக் குடும்பம்.

சூரியகாந்தியின் உறவு என்றதும் பெரிய மஞ்சள் இதழ்களைத் தேட வேண்டாம். சூரியகாந்தியில் நாம் இதழ் என்பது உண்மையில் ஒரு தனிப் பூ. அந்தக் கதிர்ப்பூக்கள் ரவூலியாவுக்கு இல்லை. நுண்ணிய பூக்கள் சேர்ந்த சிரமஞ்சரி மட்டும் நுனிகளில் ஒட்டியிருக்கும்.

ரவூலியா எக்ஸிமியாவையும் ஹாஸ்டியாவையும் ஆங்கிலத்தில் செடி வடிவிலான செம்மறி என்ற பொருளில் அழைக்கிறார்கள். தொலைவிலிருந்து பார்த்தால் சரிவில் மந்தை படுத்திருப்பதாகவே தோன்றும். தமிழில் 'செம்' என்ற நிறச்சொல் இச்சாம்பல் வெண்மைக்கு ஒவ்வாது, 'வெள்ளாடு' வேறு விலங்காகிவிடும். ஒப்புமை மயிரில்தான் இருக்கிறது என்பதால் 'கம்பளியாட்டுச் செடி' என்பதே என் தேர்வு.